பாதி முடிந்த கடன்

அக்பர் அலியின் வீட்டில் அந்தக் கடனுக்கு வாடகை என்று பெயர். மாதம் பிறந்து ஐந்தாம் தேதி, வங்கிக் கணக்கிலிருந்து பதினேழாயிரத்து அறுநூற்று எழுபது ரூபாய் கழியும். "வாடகை போயிடுச்சா?" என்று மனைவி பாத்திமுத்து கேட்பாள். "போயிடுச்சு" என்பார் அவர். பேச்சு அதோடு முடிந்துவிடும். வட்டி என்ற சொல் பத்து வருடமாக அந்த வீட்டுக்குள் வந்ததில்லை.

வட்டி வாங்குவதும் பாவம், கொடுப்பதும் பாவம் என்று கேட்டு வளர்ந்தவர்கள் இருவரும். ஆனால் மூன்றாவது வாடகை வீட்டையும் காலி செய்யச் சொன்னபோது வேறு வழி தெரியவில்லை. மனை இருந்தது. கட்டப் பணம் இல்லை. சொந்தத்தில் கேட்டார். நகையை விற்றார். அஸ்திவாரம் எழும்பியதோடு வேலை நின்றது. அதில் ஒரு மழைக்காலம் முழுக்கத் தண்ணீர் நின்றது. பிறகுதான் வங்கிக்குப் போனார். அங்கிருந்த அதிகாரி ஒரு தாளைத் திருப்பி வைத்து, "மாசா மாசம் நீங்க கட்டறதுல..." என்று ஆரம்பித்தார். அக்பர் அலி குறுக்கிட்டு, "எங்க சார் கையெழுத்துப் போடணும்?" என்று கேட்டார். தெரிந்துகொள்ளாமல் இருந்தால் பாவம் கொஞ்சம் குறையும் என்று ஒரு நினைப்பு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பாத்திமுத்துவும் குனிந்த தலை நிமிராமல் கையெழுத்துப் போட்டாள். பதினெட்டு லட்சம். இருபது வருடம்.

கச்சிராயபாளையம் சாலையில் அவருக்குச் சாக்குக் கடை. பழைய சாக்குகளை வாங்கி, உதறி, கிழிசல் தைத்து, கட்டுக் கட்டாக விற்பது தொழில். நெல்லுக்கும் மக்காச்சோளத்துக்கும் ஊர்க்காரர்கள் வாங்குவார்கள். கடுக்காய்க்கும் சாமைக்கும் கல்வராயன் மலையிலிருந்து இறங்கி வருவார்கள். முக்கால்வாசி கடன்தான். அறுப்பு முடிந்து கொடுப்பார்கள். கொடுத்தது போக மீதி. அந்தக் கடையில் அதற்கு மேல் கணக்கு கிடையாது.

வங்கிக்குக் கிளம்பிக்கொண்டிருந்த அன்று காலையில் மலையிலிருந்து பொன்னுரங்கம் வந்தான்.

"பாதி கொண்டாந்துக்கிறேன் பாய். மீதிப் பாதி தையில."

"மழை பேஞ்சா தை. பேயலன்னா?"

"பேயலன்னா சாக்கையே திருப்பிக் குடுத்துர்றேன்."

"எலி தின்னது போக மிச்சத்தைக் குடுப்ப. உக்காரு, டீ சொல்றேன்."

பொன்னுரங்கம் உட்கார்ந்தான். "மக்காவுக்குப் போறீங்களாமே. அந்தத் தண்ணி எனக்கும் ஒரு பாட்டில் வேணும்."

"யாரு சொன்னா?"

"உங்க தம்பிதான். பஸ் ஸ்டாண்டுல நின்னுக்கினு போறவன் வர்றவனுக்கெல்லாம் சொல்லிக்கினு இருக்காரு."

ரியாசுதீன் அப்படித்தான். ஆனால் அவன் சொன்னது பொய் இல்லை. மணலூர்பேட்டையில் அத்தா விட்டுப்போன மனையை விற்றதில் அக்பர் அலியின் பங்காகப் பதினேழு லட்சம் வந்திருந்தது. அன்று ராத்திரியே அவர் கணக்குப் போட்டுவிட்டார். இருபது வருடக் கடனில் பத்து வருடம் முடிந்தது. பாதி முடிந்தது என்றால் பதினெட்டில் ஒன்பது மீதி. அந்த ஒன்பதை வங்கியில் கட்டினால் கடன் தீரும். மிச்சம் எட்டு. இரண்டு பேர் ஹஜ்ஜுக்குப் போய்வர எட்டு போதும்.

கடனை வைத்துக்கொண்டு போவதில்லை என்பது அவர் வைராக்கியம். பாத்திமுத்துவும் இத்தனை வருடம் வற்புறுத்தவில்லை. இப்போது அவள் முட்டி தேயத் தொடங்கிவிட்டது. "நடக்க முடியறப்பவே போயிட்டு வந்துடுங்க" என்று டாக்டரே சொல்லிவிட்டார். விண்ணப்பிக்க மாதக் கடைசி வரை நேரம் இருந்தது.

வங்கி மாடியில் இருந்தது. கடன் மேசையில் செந்தமிழ்ச்செல்வி. எலவனாசூர்கோட்டையிலிருந்து தினமும் பஸ்ஸில் வருகிறவள். அவள் அப்பாவுக்கு அக்பர் அலியின் கடையில்தான் சாக்கு.

"வாங்க பாய். போன தடவ குடுத்த சாக்குல அஞ்சு ஓட்டையாம். அப்பா உங்களைத் திட்டிக்கினே இருக்காரு."

"ஓட்டை இல்லாத சாக்கு வேணும்னா புதுசு வாங்கச் சொல்லும்மா." அவர் உட்கார்ந்து காசோலைப் புத்தகத்தை எடுத்து வைத்தார். "வூட்டுக் கடனை முடிச்சிடலாம்னு வந்தேன். பாதி முடிஞ்சிடுச்சு. கையில பதினேழு வந்திருக்குது. மீதி ஒம்போதையும் ஒரேடியா கட்டிர்றேன். எட்டு லட்சத்துக்கு வேற வேலை இருக்குது."

அவள் கணினியைத் தட்டினாள். பார்த்தாள். மறுபடியும் தட்டினாள்.

"ஒம்போதுன்னு யாரு பாய் சொன்னா?"

"யாரு சொல்லணும்? பத்து வருஷம் ஆச்சே."

"பதிமூணு லட்சத்து இருபத்திமூணாயிரம் வருது."

"வேற யாரோடதையோ பாத்துட்டம்மா. இந்த ஊர்ல நாலு அக்பர் அலி இருக்கான்."

"உங்களுதுதான். அம்மா பேரும் இருக்குது, பாத்திமுத்துன்னு."

"ஒரு மாசம்கூட நான் நிறுத்தினதில்ல."

"தெரியுது பாய். ஒரு நாள்கூட லேட் இல்ல."

"அப்புறம் எப்படி?"

அவள் நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டாள். "மொத மாசம் பதினெட்டு லட்சத்துக்கும் வட்டி போடுவாங்க. அதுவே பதினஞ்சாயிரத்துக்கு மேல. நீங்க கட்டின பதினேழாயிரத்துச் சொச்சத்துல அது போக ரெண்டாயிரத்து முந்நூறுதான் கடன்ல கழிஞ்சுது. அடுத்த மாசம், மீதி இருக்கற கடனுக்கு வட்டி. அதுக்கடுத்த மாசமும் அப்படித்தான். மொத வருஷங்கள்ல வட்டி ஜாஸ்தி, அசல் கம்மி. போவப் போவத்தான் மாறும். பத்து வருஷத்துல பாதிக் காலம்தான் முடிஞ்சுது. கடன் பாதி முடியல."

அவர் வியாபாரி. இரண்டாம் முறை சொல்ல வேண்டியிருக்கவில்லை. காலையில் பொன்னுரங்கம் நீட்டிய பணம் நினைவுக்கு வந்தது. இந்தக் கணக்கை அவனிடம் போட்டால் அவன் மறுபடியும் மலையை விட்டு இறங்க மாட்டான்.

"இதுவரைக்கும் மொத்தம் எவ்ளோம்மா கட்டியிருக்கேன்?"

"இருபத்தோரு லட்சத்துச் சொச்சம்."

"அதுல... அது எவ்ளோ?"

"எது பாய்?"

பக்கத்து மேசையில் ஒருவர் நகைக் கடனுக்குக் கைரேகை வைத்துக்கொண்டிருந்தார். அக்பர் அலி குரலைத் தாழ்த்தினார். "வட்டி."

"பதினாறு லட்சத்து நாப்பதாயிரத்துக்கு மேல."

அத்தாவின் மனைக்கு வந்தது பதினேழு. அவர் காசோலைப் புத்தகத்தின் மேல் கையை வைத்தபடி உட்கார்ந்திருந்தார்.

"இப்படியே வுட்டுட்டா?"

"இன்னும் பத்து வருஷம் கட்டணும். இன்னொரு எட்டு லட்சம் வட்டிக்குப் போவும்." அவள் கொஞ்சம் தயங்கினாள். "பதினெட்டு வாங்கி நாப்பத்திரெண்டு கட்டின மாதிரி ஆவும். கடன் குடுக்கறப்பவே இதெல்லாம் சொல்லியிருப்பாங்களே பாய்?"

"சொல்ல வந்தாரு. நான்தான் கேக்கல."

அவள் தன் தண்ணீர் பாட்டிலை அவர் பக்கம் நகர்த்தி வைத்தாள். அவர் குடிக்கவில்லை.

"ஒண்ணு பண்ணலாம் பாய். இப்ப ஒம்போதைக் கட்டிடுங்க. மீதி நாலேகால் லட்சம். அதை இதே தவணைல கட்டினா ரெண்டேகால் வருஷத்துல முடிஞ்சிடும். வட்டி அம்பதாயிரம்தான் ஆவும். முன்கூட்டி கட்டறதுக்கு அபராதம் எதுவும் கெடையாது. கையில எட்டு லட்சமும் இருக்கும்."

நல்ல யோசனைதான். அவள் அக்கறையாகத்தான் சொன்னாள். நேற்று யாராவது சொல்லியிருந்தால் அவரும் சரி என்றிருப்பார்.

"முழுசா அடைக்கறதுன்னா?"

"அதுவும் பண்ணலாம். அம்மாவும் வந்து கையெழுத்துப் போடணும்."

"நாளைக்கு வரேன்" என்று எழுந்தார்.

படியிறங்கினால் ரியாசுதீன் வண்டியின் மேல் உட்கார்ந்திருந்தான். "முடிஞ்சுதா அண்ணே? பாயிஸா பத்து கிலோ பேரீச்சம்பழம் கேக்கறா. வூட்டுக்காரி சொல்லிட்டா, நான் தட்ட முடியுமா?"

அக்பர் அலி நடந்ததைச் சொன்னார். ரியாசுதீன் முகம் மாறியது. ஆனால் ஒரு நொடிதான்.

"அந்தப் பொண்ணு சொல்றது சரிதான? ஒம்போதைக் கட்டு. மீதியை மாசா மாசம் கட்டு. தவணைக் கடனை ஒழுங்காக் கட்டிக்கினு வந்தா ஹஜ்ஜுக்குப் போவலாம்னு பள்ளிவாசல் ஹஸ்ரத்தே சொன்னாரா இல்லியா?"

"சொன்னாரு."

"அப்புறம் இன்னா?"

"எவ்ளோ வட்டின்னு நான் அவர்கிட்ட சொல்லல. எனக்கே தெரியாது."

"எல்லாரும் வூட்டு லோனை வெச்சிக்கினுதான் போயிட்டு வராங்க. நீ மட்டும் இன்னா, பாவமே பண்ணாத மலக்கா?"

"மலக்கு இல்லடா. பத்து வருஷம் வாடகைன்னு சொல்லிச் சொல்லி ஏமாத்திக்கினேன். இப்ப தெரிஞ்சிடுச்சு. தெரிஞ்சே அம்பதாயிரம் வட்டிய வெச்சிட்டு அங்க போயி எப்படி நிக்கறது?"

"நான் ஊரெல்லாம் சொல்லிட்டேனே!"

"சொன்ன வாய்தான? திருப்பிச் சொல்லு."

கடைக்குப் போகாமல் வீட்டுக்கு வந்தார். கீழே ஆள் இல்லை. மாடியில் காலடிச் சத்தம் கேட்டது.

பாத்திமுத்து மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியைச் சுற்றி நடந்துகொண்டிருந்தாள். பத்து நாளாக இதுதான். மக்காவில் கஃபாவை ஏழு சுற்றுச் சுற்ற வேண்டும். கூட்டத்தில் திடீரென்று கால் மடங்கினால் என்ன செய்வது என்று பழகிக்கொள்கிறாள். தொட்டியை இடது கைப்பக்கம் வைத்து, உதடு அசைய, மெதுவாகச் சுற்றினாள். ஒரு சுற்றின் நடுவில் நின்று தொட்டியைப் பிடித்துக்கொண்டாள். பிறகு நடந்தாள். அவர் படியருகே நின்று, அவள் முடிக்கும் வரை காத்திருந்தார்.

"ஏன் இந்நேரத்துக்கு வந்துட்டீங்க? கடையில யாரு?"

"பாத்து, ஒம்போது இல்ல. பதிமூணு."

"இன்னா பதிமூணு?"

"வாடக..." நிறுத்தினார். "கடன். பதிமூணு லட்சத்துக்கு மேல மீதி இருக்குது. இதுவரைக்கும் கட்டினதுல பதினாறு லட்சம் வட்டிக்கே போயிடுச்சு."

அவள் தொட்டி மேடையில் உட்கார்ந்தாள். முட்டியை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டாள்.

"அன்னிக்கு அந்த ஆபீசர் சொல்ல வந்தாரு. நீங்க கேக்கல."

"நீயும்தான் பக்கத்துல இருந்த."

"இருந்தேன். நானும் கேக்கல. வட்டின்னு எனக்கும் தெரியும். தொழுவறப்பல்லாம் அதுக்கும் சேத்துதான் மன்னிப்புக் கேட்டுக்கினு இருந்தேன். எவ்ளோன்னு தெரியாமலே கேட்டிருக்கேன். நான் ஏதோ ரெண்டு மூணு லட்சத்துக்குக் கேக்கற மாதிரி கேட்டேன்."

சிரிக்கப் போகிறாள் என்று நினைத்தார். அவள் அழுதாள். முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அவர் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, செந்தமிழ்ச்செல்வி சொன்னதையும் ரியாசுதீன் சொன்னதையும் ஒன்றுவிடாமல் சொன்னார். எதையும் மறைக்கவில்லை. மறைத்து வந்த பலன் கண்ணெதிரே இருந்தது.

"உங்களுக்கு இன்னா தோணுது?" என்று கேட்டாள்.

"முழுசா அடைச்சிடணும்னு தோணுது. அடைச்சா மூணே முக்கால் மிஞ்சும். ஒருத்தர் போவலாம். நீ போ. நம்ம தெரு ஹப்சா அக்கா பொம்பளைங்களோட சேந்து போறாங்க இல்ல, அவங்க கூட போ."

"நானா? விழுப்புரம் பஸ் எங்க நிக்கும்னு உங்களைக் கேட்டுக்கினு நிக்கறவ நான்."

"அக்கா பாத்துக்குவாங்க."

"அக்கா வுடற கொறட்டையில பக்கத்து ரூம் ஹாஜியாருங்களே எழுந்து வந்துடுவாங்க. நாப்பது நாளு என்னால ஆவாது."

"அப்ப நான் போவட்டுமா?"

அவரைத் திரும்பிப் பார்த்தாள். "போங்களேன்."

அந்தப் போங்களேனுக்கு என்ன அர்த்தம் என்று முப்பது வருடம் வாழ்ந்தவருக்குத் தெரியாதா. "நான் மட்டும் போயி இன்னா பண்ணப் போறேன்" என்றார்.

அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள். மத்தியானம் சோறு போட்டாள். அவர் கடைக்குப் போய், தைத்த சாக்கையே மறுபடி பிரித்துத் தைத்தார். வாங்க வந்தவர்கள் பயணம் எப்போது என்று கேட்டார்கள். பார்க்கலாம் என்று சொல்லி அனுப்பினார். மக்ரிப் தொழுகைக்குப் பிறகு இருட்டி வீட்டுக்கு வந்தபோது பாத்திமுத்து சமையலறையில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"முழுசா அடைச்சிட்டா அஞ்சாம் தேதி எடுக்க மாட்டாங்க இல்ல?" என்று தலை நிமிராமல் கேட்டாள்.

"எடுக்க மாட்டாங்க."

"அப்ப மாசா மாசம் அந்தப் பதினேழாயிரம் நம்மகிட்டயே இருக்கும்."

"இருக்கும்."

"பத்து வருஷமா அது இல்லாமத்தான சாப்ட்டுக்கினு இருக்கோம். இனிமேட்டும் அது இல்லன்னே நெனச்சிக்குவோம். ரெண்டு வருஷம். அந்த மூணே முக்காலோட இதுவும் சேந்தா எட்டு வரும். நாலு தடவ கூட்டிப் பாத்துட்டேன்."

அவர் வாசற்படியிலேயே நின்றுவிட்டார். வங்கியில் இருந்தபோதும் வழியிலும் கடையிலும் எல்லாக் கணக்கையும் போட்டவர், இதைப் போடவில்லை.

"அதுக்குள்ள செலவு ஏறிடும்" என்றார்.

"ஏறட்டும். இன்னும் மூணு மாசம் சேத்து வெப்போம்."

"உன் முட்டி ரெண்டு வருஷம் தாங்குமா?"

அவள் வெங்காயத்தை வைத்தாள். இந்தக் கேள்விக்கு அவளிடம் கூட்டல் கணக்கு இல்லை. இப்போது போனால் இந்தக் காலோடு சுற்றலாம். இரண்டு வருடம் கழித்து எப்படி இருக்கும் என்று டாக்டரே சொல்லவில்லை.

"தாங்கலன்னா அங்க வண்டியில வெச்சித் தள்ளிக்கினு போவாங்களாம். அக்கா சொன்னாங்க. எனக்கு நடந்துதான் சுத்தணும்னு ஆசை. அதைத் தவிர வேற இல்ல." மறுபடி வெங்காயத்தை எடுத்தாள். "உங்க கடனை நீங்க பாருங்க. என் முட்டிய நான் பாத்துக்கறேன்."

"கடன் உன்னுதும்தான். கையெழுத்துப் போட்டிருக்க."

"அப்ப முட்டியும் உங்களுதுதான். அந்த எண்ணெய எடுத்தாந்து தேச்சி வுடுங்க."

அவர் எடுத்துவந்து தேய்த்தார். சாக்கு தைத்துக் காய்த்த கை. "மெதுவா, நான் இன்னா கோணியா?" என்றாள்.

மறுநாள் பத்து மணிக்கு இருவரும் வங்கிக்குப் போனார்கள். "அந்தப் பொண்ணைக் கீழ வரச் சொல்லட்டுமா?" என்று கேட்டார். பாத்திமுத்து வேண்டாம் என்று மாடிப்படிக் கம்பியைப் பிடித்தாள். பாதியில் ஒரு தடவை நின்று மூச்சு வாங்கிக்கொண்டாள். மேலே போய் உட்கார்ந்ததும் அவளுக்கு வியர்த்திருந்தது.

செந்தமிழ்ச்செல்வி தாள்களை எடுத்து வைத்தாள். "முழுசாவேவா பாய்? எட்டு லட்சத்துக்கு வேற வேலை இருக்குதுன்னு சொன்னீங்களே."

"அது கொஞ்சம் தள்ளிப் போவுது."

அக்பர் அலி கையெழுத்துப் போட்டார். பாத்திமுத்து பேனாவை வாங்கிக்கொண்டு, ஒவ்வொரு தாளிலும் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள். செந்தமிழ்ச்செல்வி படித்துச் சொன்னாள். மூன்றாவது தாளில் அதுவரை கட்டிய வட்டி இருந்தது. பாத்திமுத்து அதைத் தானே எழுத்துக் கூட்டிப் படித்தாள், கொஞ்சம் சத்தமாகவே. பின்னால் நின்றவர்கள் பார்த்தார்கள். படித்து முடித்துக் கையெழுத்துப் போட்டாள்.

"பத்திரம் விழுப்புரத்துலேந்து வரணும். வந்ததும் போன் பண்றேன்" என்றாள் செந்தமிழ்ச்செல்வி.

பாத்திமுத்து எழுந்துகொள்ளவில்லை.

"எம் பேர்ல ஒரு கணக்கு வேணும்மா. மாசம் பதினேழாயிரம் போடணும். வட்டி இல்லாம."

"வட்டி இல்லாமலா?" அவள் சிரித்துவிட்டாள். "வட்டி இன்னும் ரெண்டு பைசா சேத்துக் குடுங்கன்னுதான் எல்லாரும் சண்டைக்கு வருவாங்க. பாயோட கடைக் கணக்குல போட்டு வைங்களேம்மா, அதுக்கு வட்டி கெடையாது."

"அவர் கணக்கு வேணாம். லாரி வந்து நின்னா சாக்கு வாங்கிப் போட்டுடுவாரு."

"நான் எதுக்கு..." என்று அக்பர் அலி ஆரம்பித்தார்.

"வாங்குவீங்க."

"அப்ப சேமிப்புக் கணக்குதாம்மா. அதுல கொஞ்சம் வட்டி வரத்தான் செய்யும். நிறுத்த முடியாது."

"வர்றதைத் தனியா எடுத்து யாராவது இல்லாதவங்களுக்குக் குடுத்துடறேன். மாசத்துக்கு எவ்ளோ வரும், எதுக்கு எவ்ளோ புடிப்பீங்க, அதை மொதல்ல சொல்லு. அப்புறம் எழுதிக்கலாம்."

செந்தமிழ்ச்செல்வி திரையை அவர்கள் பக்கம் திருப்பினாள். பாத்திமுத்து நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டாள். அக்பர் அலி சட்டைப் பையில் கண்ணாடியைத் தேடினார்.